மேரி என்று இங்கே யாரும் இல்லை

1975 ஜூன் 9, திங்கள்

மழை. டிராமுக்கு இருபது நிமிடம் நின்றேன். சப்பாத்துக்குள் தண்ணீர்.

ஆசிரியர் பதிவு போர்டிலிருந்து கடிதம். வெள்ளிக்கிழமையே வந்துவிட்டது, சிவம் கோட்டுப் பைக்குள் வைத்து மறந்துவிட்டாராம். மூன்று நாள் வீண். இவரை நம்பிக் கடல் கடந்து வந்தவள் நான்.

கடிதம் சொல்வது: கணித ஆசிரியை கந்தையா பரமேஸ்வரியின் சான்றிதழ்கள் எல்லாம் சரி. ஆனால் விண்ணப்பித்திருப்பது திருமதி பரமேஸ்வரி சிவலிங்கம். இருவரும் ஒருவர்தான் என்பதற்கு என்ன ஆதாரம்? கலியாணப் பத்திரம் அனுப்பினேனே? அதில் மாப்பிள்ளை வைத்திலிங்கம் சிவலிங்கம். இங்கே வர எடுத்த பாஸ்போர்ட்டில் சிவலிங்கம் வைத்திலிங்கம். ஆகவே அவரும் வேறு ஆளாம்! என்னைக் குறைந்தது ஒரு வருடமாக அறிந்த, உறவினர் அல்லாத, ஒரு சமாதான நீதவான் (ஜே.பி.) எழுதித் தர வேண்டுமாம். ஜூன் 30க்குள். தவறினால் அடுத்த வருடம் முதலிலிருந்து.

ஒரு வருடமாக என்னைத் தெரிந்த சமாதான நீதவான் இந்தக் கண்டத்தில் ஒரே ஒருவன். அவனுடைய முழங்காலுக்குத்தான் தினமும் தைலம் தேய்க்கிறேன்.

இனிமேல் கி. என்று எழுதினால் அவன். கி. = கிழவன். மிஸ்டர் ஹார்லன் க்ரோவ், எழுபத்தேழு வயது, அமெரிக்கன். இரண்டாம் உலக யுத்தத்தில் பட்டாளத்தோடு மெல்பேர்ன் வந்து, இங்கே ஒரு விதவையைக் கட்டி, விளையாட்டுச் சாமான் கடை வைத்தவன். விதவை போய்ச் சேர்ந்துவிட்டாள். அவளுடைய மகள் ஜோன்தான் என்னை வேலைக்கு வைத்தாள். திங்கள் முதல் வெள்ளி வரை, கேம்பர்வெல் வீடு.

என் வேலைகள்:
தைலம்.
சூப்.
மலகூடம் கழுவுதல் (பேசிய வேலை இல்லை, ஆனாலும்).
பேப்பர் வாசித்துக் காட்டுதல். கண்ணில் வெள்ளை படர்ந்துவிட்டது. பெரிய எழுத்து மட்டும் தெரியும்.
புதிதாக: டைப் அடித்தல். தன் வாழ்க்கையைப் புத்தகமாக்கப் போகிறானாம்.

முதல் நாள் என் பெயரைக் கேட்டான். சொன்னேன். "அது பெயரா, சரக்கு ரயிலா? மேரி என்றே கூப்பிடுகிறேன்" என்றான். பதின்மூன்று மாதமாக மேரி. ஜோனுக்கும் மேரி. சிவத்திடம் சொல்லவில்லை. சொன்னால் சிரிப்பார், அல்லது பாவம் என்பார். இரண்டும் எனக்கு வேண்டாம்.

மிளகாய்த்தூள் முடிகிறது.

ஜூன் 10, செவ்வாய்

வெயில் கண்ணுக்குத்தான். பல் கிட்டுகிற குளிர்.

கி. இன்று நாலு மணி நேரம் பேசினான், நான் அடித்தேன். அமெரிக்காவில் கால்பந்து என்றால் பந்தைக் கையில் கட்டிப்பிடித்துக்கொண்டு ஓடுவது. கால் படுவது எப்போதாவது. அப்படியானால் ஏன் அந்தப் பெயர் என்று கேட்டேன். எரிந்து விழுந்தான். இந்த ஊர் ஆட்டத்தைப் பற்றிக் கேட்டால் இன்னும் மோசம். "உள்ளாடையில் ஓடுகிற பயல்கள்" என்கிறான். மெல்பேர்ன் முழுவதும் சனிக்கிழமை அதற்காகச் சாகிறது, இவன் தன் கலர் டிவியைச் சுவர்ப்பக்கம் திருப்பி வைக்கிறான்.

இருபதுகளின் கதை. ஒஹையோவில் ஓர் இரும்பாலை ஊர். சனிக்கிழமை கல்லூரிக்காகச் சொந்தப் பெயரில் ஆட்டம். ஞாயிறு கூலிக்கு, ஆலைக் குழுவுக்கு, ஜோ ரைலி என்ற பொய்ப் பெயரில். கூலிக்கு ஆடுவது தெரிந்தால் கல்லூரி வெளியே தள்ளிவிடும். தோல் தொப்பி, அதுவும் மழையில் ஊறிப் பிணம்போல மணக்கும். தோளுக்கு மெத்தை கிடையாது. சட்டைக்குள் பழைய பத்திரிகைகளை மடித்துத் திணித்துக்கொள்வார்களாம். மூக்கு மூன்று தரம் உடைந்தது. ஒருவன் காதைக் கடித்தான். "நாங்கள்தான் முதலில் வந்தவர்கள், மேரி. எங்களுக்குப் பிறகு வந்தவன்கள் எல்லாம் சினிமா நடிகர்கள்."

இடது கையில் மோதிர விரலும் சுண்டு விரலும் இஞ்சிக் கிழங்கு மாதிரி. அவன் இடதுகைக்காரன் வேறு, எழுதினால் கோழி கிளறியது போல் இருக்கும். இன்றுதான் காரணம் சொன்னான். ஒரு ஞாயிறு, சேற்றில் விழுந்து கிடக்கும்போது எவனோ ஆணிச் சப்பாத்தால் மிதித்துவிட்டான். ஊரில் டாக்டர் இல்லை. மைதானத்துக்கு எதிர் வீட்டுப் பல் வைத்தியனிடம் கொண்டு போனார்கள். அவன் சாப்பாட்டிலிருந்து எழும்பி வந்து இரண்டு தேக்கரண்டியை வைத்துக் கட்டிவிட்டானாம். கரண்டியில் இறைச்சிக் குழம்பு மணம். அதைச் சொல்லும்போது மட்டும் கி. சிரித்தான்.

பின்னேரம் அந்த ஓட்டம். ஜோன் எச்சரித்திருக்கிறாள், தன் கலியாண விருந்திலும் இதைச் சொன்னானாம். சேறு. ஆலையின் சங்கு ஊதுகிறது. பந்து சவர்க்காரம்போல் வழுக்குகிறது. மைதானத்தின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரை. ஒரு சப்பாத்துச் சேற்றில் நின்றுவிட, மற்றக் கால் வெறும் காலுறையோடு ஓடுகிறது. கோட்டைத் தாண்டியபிறகும் நிற்கத் தெரியாமல் வேலியில் போய் முட்டி விழுகிறான். ஊர்ப் பத்திரிகையில் ரைலி, ரைலி, ரைலி.

ஒத்துக்கொள்கிறேன், நன்றாகச் சொல்கிறான். எனக்கு மயிர் சிலிர்த்தது. அதற்கும் சேர்த்து எரிச்சல்.

ஜூன் 12, வியாழன்

இன்று கேட்டேன். போர்டின் கடிதத்தை வாசித்துக் காட்டி, படிவத்தை வைத்து, மரியாதையாக.

கி.: "இரண்டு பெயர் வைத்திருப்பவர்கள் பொலிசுக்குப் பயந்தவர்கள், மேரி."

நான்: "ஜோ ரைலி?"

கி.: "அது தொழில். இது வேறு."

எது வேறு? படிவத்தை அவன் பக்கம் இன்னும் தள்ளினேன்.

அவன்: "நான் சமாதான நீதவான். எனக்குத் தெரிந்ததில்தான் கையெழுத்துப் போடுவேன். எனக்குத் தெரிந்தவள் மேரி. மற்ற இரண்டு பெண்களை நான் கண்டதில்லை."

சொல்லிவிட்டுத் தானே சிரித்தான். பதினொரு வருடம் நாற்பது பிள்ளைகள் "குட் மோர்னிங் டீச்சர்" என்று எழும்பி நின்ற வகுப்பில் நின்றவள். இங்கே இவன் சட்டையிலிருந்து முட்டைக்கறை சுரண்டுகிறேன்.

பிறகு தானாகவே: அமெரிக்காவுக்கு எழுதியிருக்கிறானாம். அந்த ஊரில் பழைய ஆட்டக்காரர்களின் பெயர்களை ஒரு கல்லில் வெட்டப் போகிறார்கள். தன் பெயரும் வர வேண்டும். பதில் வரட்டும், அதன் பிறகு என் காகிதத்தைப் பார்ப்பானாம்.

சூப்பில் உப்புப் போடவில்லை. என்னால் முடிந்தது அவ்வளவுதான்.

ஜூன் 14, சனி

நாங்கள் இருக்கும் ஹோதோர்ன் முழுக்க மஞ்சளும் மண்ணிறமும் போட்ட கூட்டம், ஆட்டத்துக்குப் போகிறது. எங்கள் படிக்கட்டில் ஒருவன் வாந்தி.

சிவத்தோடு சண்டை.

"அந்தப் பாஸ்போர்ட் ஃபோமை நிரப்பினது ஆர்? நானோ, நீங்களோ?"

"கொழும்பில லைன் றோட்டு வரைக்கும் நிண்டது. பின்னுக்கு ஒரு பேர் வேணும் எண்டாங்கள். உமக்குப் பின்னுக்கு என்ர பேரைப் போட்டன். எனக்குப் பின்னுக்கு அப்பான்ர பேரைப் போட்டன். வேற என்னத்தைப் போடுறது?"

"இப்ப ஒரே வீட்டில மிஸ்டர் வைத்திலிங்கம், மிஸிஸ் சிவலிங்கம். தபால்காரன் எங்களைக் கலியாணம் கட்டாமல் இருக்கிற ஆக்கள் எண்டு நினைக்கிறான்."

"நினைச்சிட்டுப் போகட்டுமன். எனக்கு ஒஃபிசில சிவ் எண்டு கூப்பிடுறாங்கள். நான் கவலைப்படுறனே?"

அவர் கவலைப்பட மாட்டார். டிராம் பணிமனையில் படம் வரைகிறார், வரைந்ததற்குக் கீழே தன் கையெழுத்தைப் போடுகிறார். பெயர் என்னவானாலும் அவருடைய பென்சில் அவரிடம் இருக்கிறது.

லீக்ஸ் கறி.

ஜூன் 17, செவ்வாய்

காற்று. கி. வீட்டு வேலியில் ஒரு பலகை கழன்றுவிட்டது.

அமெரிக்காவிலிருந்து பதில். கி. உறையைக் கிழித்து என்னிடம் தந்தான். அவனால் வாசிக்க முடியாது, சின்ன எழுத்து. வாசித்தேன். மறக்க மாட்டேன், ஆனாலும் எழுதி வைக்கிறேன்.

ஆலைக் குழு மனேஜரின் மகள் பழைய பெட்டிக்குள் தகப்பனுடைய குறிப்புப் புத்தகத்தைக் கண்டெடுத்திருக்கிறாள். அதன்படி ஜோ ரைலி என்று ஒருவன் இல்லை. சொந்தப் பெயரில் ஆட முடியாதவர்களுக்காக வைத்திருந்த பெயர் அது. பெயர் ஒன்று, சட்டை ஒன்று. வந்தவன் போட்டுக்கொள்வான். குறைந்தது ஐந்து பேர் போட்டிருக்கிறார்கள்.

அந்தப் பெரிய ஓட்டம் நடந்த ஆட்டத்துக்கு மனேஜர் எழுதியிருப்பது: முதல் பாதி, ரைலி, இடது கையில் இரண்டு விரல் உடைவு, எதிர் வீட்டுப் பல் வைத்தியரிடம் அனுப்பினேன். இரண்டாம் பாதி, ரைலியின் சட்டையில் வேறு ஆள். முழு நீளம் ஓடினான்.

இருவரின் உண்மைப் பெயரும் எழுதப்படவில்லை. "மிஸ்டர் க்ரோவ், இவர்களில் நீங்கள் யார்? அந்த நாட்களைப் பற்றி உங்கள் வாயால் கேட்ட ஒருவர் சாட்சிக் கடிதம் தந்தால் உங்கள் பெயரைச் சேர்த்துக்கொள்வோம்."

நிறுத்தி நிறுத்தி வாசித்தேன். பல் வைத்தியர் வந்த இடத்தில் இன்னும் மெதுவாக. சந்தோஷமாக இருந்தது, பொய் சொல்வானேன்.

"மறுபடி வாசி." வாசித்தேன். "மறுபடி."

மூன்றாம் முறை முடிந்ததும் சொன்னான்: "நான் இரண்டாமவன். ஓடியவன்."

சொல்லும்போதே இடது கை கம்பளிக்குக் கீழே போய்விட்டது. எனக்குத் தெரியும். நான் டைப் அடித்த பக்கம் மேசை லாச்சிக்குள் கிடக்கிறது, கரண்டியும் இறைச்சிக் குழம்பும் எல்லாம். ஒரு கிழமைக்கு முன் அவன் வாயாலேயே சொன்னது. எனக்குத் தெரியும் என்பது அவனுக்கும் தெரியும்.

ஜூன் 18, புதன்

கி. இரவு தூங்கவில்லைபோலும். சவரம் செய்யவில்லை.

பேரம் இதுதான். விரல் பக்கத்தை நான் கிழித்துவிட வேண்டும். புதிதாக அடிக்க வேண்டும்: விரல் உடைந்தது வேறொரு வருடம், லொறிக் கதவில். அதோடு ஒரு சாட்சிக் கடிதம்: ஓடியது தான்தான் என்று ஒரு வருடமாகச் சொல்லக் கேட்டிருக்கிறேன் என்று. நான் அதில் கையெழுத்துப் போட்டால் அவன் என் படிவத்தில் போடுவான்.

"உனக்கு ஒன்று, எனக்கு ஒன்று. நியாயம்தானே, மேரி?"

அவன் எழுதித் தர வேண்டியது உண்மை. நான் எழுதித் தர வேண்டியது பொய். இதில் நியாயத்தைக் கண்டுபிடித்திருக்கிறான்.

போய்க் காலுறை துவைத்தேன். ஏழு சோடி. ஒன்றில் ஓட்டை.

ஜூன் 21, சனி

சிவத்திடம் முழுக்கச் சொன்னேன் (மேரி தவிர).

"போட்டுக் குடுமன். ஆருக்கு நட்டம்? ஐம்பது வருசத்துக்கு முந்தி ஆரோ பந்தைக் கொண்டு ஓடினான். கிழவனோ இன்னொருத்தனோ."

"அந்த இன்னொருத்தனுக்கு நட்டமில்லையோ?"

"அவன் செத்திருப்பான்."

தேத்தண்ணீர் ஊற்றிக்கொண்டு மறுபடி வந்தார். "இல்லாட்டி இன்னொரு வழி இருக்கு. அந்தாளுக்குக் கண் தெரியாதெண்டீர். கையெழுத்துப் போடுற மற்றக் கடுதாசியளோட உம்மட ஃபோமையும் நடுவில வையும். போட்டிடும்."

கோபம் வந்தது. பரீட்சை மண்டபத்தில் பார்த்து எழுதியவர்களைக் காதைப் பிடித்துத் தூக்கியவள் நான். ஆனால் அந்த யோசனை எனக்கு ஏற்கனவே வந்திருந்தது. புதன்கிழமையே வந்தது, காலுறை துவைக்கும்போது. அதனால்தான் அவ்வளவு கோபம்.

இன்னும் ஒன்பது நாள்.
டாக்டரும் சமாதான நீதவான், ஆனால் என்னை எட்டு மாதம்தான் தெரியும்.
வங்கி மனேஜரும்தான், ஆனால் முகம்கூடப் பார்ப்பதில்லை.
அடுத்த வருடம் என்றால் இன்னொரு வருடம் தைலம்.
கையெழுத்துப் போட்டால் பெப்ரவரியில் வகுப்பறை. கரும்பலகை. சோக்கட்டி.

போட்டுவிடலாம் என்று எழுதிப் பார்த்து, உடனே வெட்டிவிட்டேன். மேலே வெட்டியிருப்பது அதுதான்.

ஜூன் 24, செவ்வாய்

ஜோன் வீட்டில் சுட்ட ஸ்கோன் கொண்டு வந்தாள். என்னைக் குசினிக்குள் இழுத்துக் கதவைச் சாத்தினாள்.

"அப்பா ஏதோ சாட்சிக் கடிதம் என்கிறார். போட்டுக் கொடுத்துவிடு, மேரி கண்ணு. அந்த ஓட்டம் என் பிள்ளைகளுக்கு மனப்பாடம். எங்களில் ஒருவருக்கும் அந்த விளையாட்டின் தலையும் விளங்காது, காலும் விளங்காது. ஆனால் அவரிடம் வேறென்ன இருக்கிறது?"

என்னிடம் என்ன இருக்கிறது என்று அவள் கேட்கவில்லை. கேட்க வேண்டும் என்று அவளுக்குத் தோன்றாது. நல்ல பெண்தான். அதுதான் தொல்லை. போகும்போது மிச்ச ஸ்கோனைப் பேப்பரில் சுற்றி என் கையில் திணித்தாள்.

டிராமில் ஒரு பெண் பக்கத்து இருக்கையிலிருந்து எழும்பித் தள்ளி இருந்தாள். ஸ்கோனைச் சாப்பிட்டேன். நன்றாகத்தான் இருந்தது.

ஜூன் 26, வியாழன்

மழை.

காலையில் இரண்டு பக்கம் ஆயத்தம் செய்தேன். ஒன்று நான் டைப் அடித்த சாட்சிக் கடிதம்: ஜூன் 10ஆம் திகதி, அமெரிக்கக் கடிதம் வருவதற்கு ஒரு கிழமைக்கு முன், மிஸ்டர் ஹார்லன் க்ரோவ் தன் விரல் உடைந்ததையும் எதிர் வீட்டுப் பல் வைத்தியரையும் இரண்டு கரண்டியையும் என்னிடம் சொன்னார். அந்த விரல்களைத் தினமும் காண்கிறேன். ஆகவே முதல் பாதியில் ரைலியின் சட்டையில் இருந்தவர் இவர். அவ்வளவுதான். மற்றது என் படிவம்.

அவன் முன்னால் வைத்து, ஒவ்வொரு வரியாக வாசித்துக் காட்டினேன். எதையும் ஒளிக்கவில்லை.

"ஓட்டம் எங்கே?"

"ஓட்டம் இல்லை. விரலுக்கு நான் சாட்சி. ஓட்டத்துக்கு இல்லை."

"முதல் பாதியில் மிதிபட்டுப் போனவன் என்று கல்லில் வெட்டச் சொல்கிறாயா?"

"கல்லில் பெயர்தான் வெட்டுவார்கள்."

கோப்பையை எறிந்தான். சுவரில் பட்டுச் சிதறியது. கண் தெரியாதவன் எறிந்ததால் சுவர், இல்லாவிட்டால் என் முகம். பிறகு வாயில் வந்ததெல்லாம். நன்றி கெட்டவள். கறுப்பி. உன் காட்டுக்கே போ. உன்னை வீட்டுக்குள் விட்டதே தப்பு.

நானும் விடவில்லை. "ஐம்பது வருடமாக இன்னொருத்தனுடைய காலில் ஓடுகிறீர்கள்" என்றேன். இங்கிலீஷில் அது இன்னும் கூர்மையாக வந்தது.

யன்னல் பக்கம் திரும்பினான்.

கோப்பைத் துண்டுகளைப் பொறுக்கவில்லை. பதின்மூன்று மாதத்தில் முதல்முறை. இரண்டு பக்கத்தையும் எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன். குடை அங்கே. மழையில் நனைந்தேன்.

ஜூன் 27, வெள்ளி

போகவில்லை. தொலைபேசியும் வரவில்லை.

சிவம் புட்டு அவித்தார், மாவு கட்டி கட்டியாக. சாப்பிட்டேன்.

அடுத்த வருடம். சரி. அடுத்த வருடம்.

பின்னேரம் கட்டிலில் கிடந்து அழுதேன். கிழவனை நினைத்து இல்லை. வகுப்பறையை நினைத்து.

ஜூன் 28, சனி

கொஞ்சம் வெயில்.

சந்தைக்குப் போய் மீனும் வெங்காயமும் வாங்கிக்கொண்டு பதினொரு மணிக்கு வந்தேன். சிவம் பேப்பர் வாசித்துக்கொண்டிருந்தார். தலையை நிமிர்த்தாமல்:

"ஒரு வெள்ளைக் கிழவன் வந்து கதவைத் தட்டிச்சுது. மேரி இருக்கிறாவோ எண்டு கேட்டுது. மேரி எண்டு இஞ்ச ஒருத்தரும் இல்லையெண்டு சொல்லிக் கதவைச் சாத்திப்போட்டன்."

மீன் பை கையை விட்டு விழுந்தது.

"என்னப்பா?"

"அது நான்தான்."

"எது?"

"மேரி. நான்தான் மேரி. அந்தாள்தான் கிழவன்."

அவர் முகத்தை இப்போது நினைத்தால் சிரிப்பு வருகிறது. அப்போது வரவில்லை. பதின்மூன்று மாதம் ஒளித்து வைத்ததன் பலன், கடைசி வாசலில் என் கையெழுத்தை என் புருஷனே திருப்பி அனுப்பிவிட்டார்.

படியில் இறங்கி ஓடினேன். நான் மேலே வரும்போது முன்படியால் வந்ததால் காணவில்லை. அவன் பின்படியில் இருந்தான், இரண்டாம் மாடித் திருப்பத்தில், சுவரில் சாய்ந்து, ஒரு காலை நீட்டி. முழங்கால் பூட்டிக்கொண்டது. ஏறவும் முடியவில்லை, இறங்கவும் முடியவில்லை. கோட்டு, கழுத்துப்பட்டி. சவரம் செய்து கன்னத்தில் இரண்டு வெட்டு. பக்கத்தில் என் குடை.

கை கொடுக்கவில்லை. "எதற்கு வந்தீர்கள்?"

"ஜோன் எழுதி வைத்த விலாசம். மேரி, ஆறாம் நம்பர். உன் கதவில் ஒருவன் மேரி இல்லை என்றான்."

"உண்மையைத்தான் சொன்னார்."

"கீழ் வீட்டில் கேட்டேன். எதிர் வீட்டில் கேட்டேன். இந்தக் கட்டடத்தில் ஒருவருக்கும் உன்னைத் தெரியவில்லை."

"எல்லாருக்கும் தெரியும். நீங்கள் கேட்கத் தெரியாமல் கேட்டீர்கள்."

மூச்சு வாங்கினான். யாரோ ஒரு வீட்டில் ரேடியோவில் ஆட்டத்துக்கு முந்திய அலட்டல். பிறகு, என்னைப் பார்க்காமல்:

"அவன் பெயர் டூலி."

"யார்?"

"ஓடியவன். ஆலையில் கரி அள்ளுபவன். பார்க்க வந்த கூட்டத்தில் நின்றான். எனக்கு விரல் போனதும் மனேஜர் என் சட்டையைக் கழற்றி அவனுக்கு மாட்டினான். சட்டைக்குள் என் பத்திரிகைகள். அவனுக்குச் சப்பாத்தும் இல்லை, என்னுடையதைத்தான் கொடுத்தேன். அவனுக்குப் பெரிது. அதனால்தான் ஒன்று கழன்றது."

"நீங்கள் எங்கே நின்றீர்கள்?"

"வேலியில். கரண்டி கட்டிக்கொண்டு. அவன் வந்து முட்டியது என்மேல்தான்."

அந்த ஓட்டத்தை முதலிலிருந்து மறுபடி சொன்னான். அந்தப் படியில் இருந்தபடியே. அதே சேறு, அதே சங்கு, அதே வழுக்கும் பந்து. ஒரு சொல் குறையவில்லை. டூலி ஓடினான். இதற்கும் எனக்கு மயிர் சிலிர்த்தது, முன்னையைவிட.

"அடுத்த கிழமை டூலி வேறு ஊர் ஆலைக்கு மாறிப் போய்விட்டான். சட்டையை என்னிடம் திருப்பித் தந்தார்கள். ஓடியது நான் என்று நினைத்து ஊரார் எல்லாரும் என் முதுகில் தட்டினார்கள். நான் ஒன்றும் சொல்லவில்லை." பிறகு: "தட்டுவது நன்றாக இருந்தது."

மன்னிப்புக் கேட்கவில்லை. கோப்பைக்கும் இல்லை, மற்றதற்கும் இல்லை. நானும் மன்னிக்கவில்லை, அதையும் இங்கே எழுதி வைக்கிறேன்.

சிவம் இறங்கி வந்தார். இரண்டு பேருமாகத் தூக்கி மேலே கொண்டு போய்க் கதிரையில் இருத்தினோம். மீன் நிலத்தில் கிடந்தது. சிவம் வெட்கத்தில் மூன்று தரம் தேத்தண்ணீர் வேண்டுமா என்று கேட்டார்.

சாட்சிக் கடிதத்தில் டூலிக்கு ஒரு பந்தி சேர்த்து, கையால் எழுதினேன். வாசித்துக் காட்டினேன். தலையாட்டினான். கீழே என் கையெழுத்து.

பிறகு என் படிவம். பெயர்களை அவன் கைப்படத்தான் நிரப்ப வேண்டும். நான் எழுதித் தருகிறேன், கையெழுத்து மட்டும் போடுங்கள் என்று சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை.

"உன் பெயர் என்ன?"

சொன்னேன். ஒவ்வொரு எழுத்தாக, பெரிய எழுத்தில், பூதக்கண்ணாடி பிடித்துக்கொண்டு, அந்த இஞ்சி விரல்களால். முதல் தரம் பரமேஸ்வரியில் பாதியைக் காணோம். வேறு தாளில் எழுதிப் பழக வைத்தேன். இரண்டாம் தரமும் பிழை. மூன்றாம் தரம் கோட்டுக்கு வெளியே போனது. நெற்றியில் வேர்வை.

சிவம் மெல்ல: "காணுமப்பா, விடும். பாவம்."

"நீங்கள் பேசாமல் இருங்கோ."

நாலாம் தரம் படிவத்திலேயே. கந்தையா பரமேஸ்வரி, பரமேஸ்வரி சிவலிங்கம், ஒரே பெண், எனக்குப் பதின்மூன்று மாதமாகத் தெரியும். கையெழுத்து. திகதி.

டக்சியில் ஏற்றி விட்டோம். கதவைச் சாத்துமுன் என்னைப் பார்த்து வாயைத் திறந்தான். பெயர் வரவில்லை. தலையை மட்டும் ஆட்டினான்.

மீனைப் பொரித்தேன்.

ஜூன் 30, திங்கள்

பனி. நகரத்துக்கு முதல் டிராம். ஒன்பதுக்குக் கதவு திறக்குமுன்பே வாசலில் நான்.

கவுண்டரில் இருந்த பெண் படிவத்தைத் தூக்கி வெளிச்சத்தில் பிடித்தாள். "இது யார் எழுதினது? பிள்ளைகளா?"

"சமாதான நீதவான். கால்பந்து ஆடியவர். விரல் உடைந்த கை."

முகம் மலர்ந்துவிட்டது. இந்த ஊரில் அது போதும். "ஓ! எந்தக் குழு? பெயர் என்ன? என் அப்பாவுக்குத் தெரிந்திருக்கும்."

"தெரிந்திருக்காது. அவர் ஆடிய ஊரிலேயே அவர் பெயர் யாருக்கும் தெரியாது."

ஒன்றும் விளங்காமல் சிரித்தாள். படிவத்தை மறுபடி பார்த்தாள், விரல் வைத்து, எழுத்து எழுத்தாக, என் பெயரை உரக்க வாசித்தாள். தப்பாகத்தான். ஆனால் முழுவதையும் வாசித்தாள். முத்திரை குத்தினாள்.

அமெரிக்காவுக்கான உறையும் பையில் இருந்தது. பக்கத்துத் தபால் கந்தோரில் போட்டேன். எழுத்துப் பிழை இருக்கிறதா என்று ஒட்டுமுன் ஒரு தரம் பார்த்தேன். டூலி, சரி.